காத்தவராயன் (எ) முனிரத்தினம் மகள்

வெங்கடம்மாவுக்குக் கோபம் வந்தால் குரல் ஏறாது, இறங்கும். கன்னடச் சீமைத் தங்கச் சுரங்கத் தொழிலாளர் குடியிருக்கும் சாம்பியன் ரீப்ஸ் லைனில் அவளைத் தெரிந்தவர்கள் அத்தனை பேருக்கும் இது தெரியும். அவள் கத்தினால் யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள், குழாயில் தண்ணீர் வரவில்லை போலிருக்கிறது என்று அவரவர் வேலையைப் பார்ப்பார்கள். குரல் இறங்கிவிட்டால் எவனோ தொலைந்தான் என்று அர்த்தம். போன கார்த்திகையில் ஒரு திங்கட்கிழமைக் காலை, பெங்களூர் ரயிலுக்காக ஸ்டேஷனில் நின்றுகொண்டிருந்தவளிடம் கிளாரன்ஸ் வந்து ஒரு விஷயத்தைச் சொன்னான். "இன்னொரு வாட்டி சொல்லு" என்று அவள் கேட்டது பக்கத்தில் நின்ற அவனுக்கே சரியாகக் காதில் விழவில்லையாம்.

கிளாரன்ஸ் அடுத்த லைன்காரன், கோர்ட்டுக்கு எதிரே டைப் அடித்துக் கொடுப்பவன். அவன் சொன்ன சங்கதி இதுதான். வெங்கடம்மாவின் பெரிய தம்பி சம்பங்கி, சின்ன தம்பி சிவராஜ் மேல் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருக்கிறான். ராபர்ட்சன்பேட்டையில் அப்பன் வாங்கிய வீட்டில் பாதி தனக்கு வேண்டும் என்று. வழக்கு என்றால் சண்டை என்று நினைக்காதே அக்கா, அண்ணனும் தம்பியும் ஒரே ஸ்கூட்டரில்தான் கோர்ட்டுக்கு வந்தார்கள், ஒரே கடையில்தான் டீ குடித்தார்கள், அடுத்த தேதியில் ராஜியாகி ஆளுக்குப் பாதி என்று தீர்ப்பு வாங்கிக்கொள்ளப் போகிறார்கள் என்றான். வழக்கோடு வம்சவிருட்சம் என்று ஒரு தாள் வைத்திருக்கிறார்களாம். மேலே அப்பன் முனிரத்தினம், கீழே இரண்டு கோடு, இரண்டு மகன்கள். மூன்றாவது கோடே இல்லையாம்.

"நான் செத்துட்டனா?" என்று கேட்டாள் வெங்கடம்மா.

செத்திருந்தால் அப்படிப் போட்டிருப்பார்கள், நீ பிறக்கவே இல்லை அக்கா என்றான் கிளாரன்ஸ். அவன் கிண்டலாகச் சொல்லவில்லை. ரயில் வந்தது, நின்றது, போயிற்று. இருபது வருஷத்தில் அவள் கண்ணெதிரே அந்த ரயில் அவளை விட்டுவிட்டுப் போனது அன்றைக்குத்தான்.

அவளுக்கு ஐம்பத்தாறு வயது. பெங்களூரில் ஒரு பெரிய ஆபீசில் துப்புரவு வேலைக்காரப் பெண்களுக்கு மேஸ்திரி. புருஷன் போய்ச் சேர்ந்தாயிற்று, ஒரே மகளைக் கட்டிக்கொடுத்தாயிற்று. மூன்று பிள்ளைகளில் மூத்தவள் என்பதால் சின்ன வயதிலிருந்தே அந்த வீட்டின் வேலையெல்லாம் அவள் தலையில்தான் விழுந்தது. சுரங்கத்தை மூடின பிறகு நைனாவுக்கு நெஞ்சில் தூசு நோய் முற்றி, படுக்கையோடு படுக்கையாகக் கிடந்தார். அம்மா அதற்கு முன்பே போய்விட்டாள். ஏழு வருஷம். வேலைக்குப் போகுமுன்னும் வந்த பின்னும் அவர் துப்பின சட்டியைக் கழுவியது அவள். முதுகில் புண் வராமல் புரட்டிப் போட்டது அவள். சம்பங்கி ஞாயிற்றுக்கிழமை வந்து வாசலில் நின்று, "இன்னா நைனா, பரவால்லயா?" என்று கேட்டுவிட்டு, பதில் வருவதற்குள் செருப்பை மாட்டுவான். சிவராஜ் அதுவும் இல்லை. அவன் பெங்களூரில் பெரிய மனுஷன்.

அன்றைக்கே லீவு சொல்லிவிட்டு வக்கீல் மமதாவைப் பார்க்கப் போனாள். ராபர்ட்சன்பேட்டை பஜாரில் ஒரு வளையல் கடைக்கு மேலே மாடியில் அந்தப் பெண்ணின் ஆபீஸ். முப்பது வயதுதான் இருக்கும். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, வீடு உங்க நைனா சொந்தமாக வாங்கியது, உயில் எழுதவில்லை, அப்படியென்றால் மகனுக்கு என்ன பங்கோ மகளுக்கும் அதே பங்குதான், உங்களை விட்டுவிட்டு இந்த வழக்கே செல்லாது என்றாள். வழக்கில் உங்களையும் சேர்க்கச் சொல்லி மனுப் போடுவோம், அதற்குள் ராஜி ஆகாமல் தடுப்போம் என்றாள்.

"லா-ல உங்களுக்கு நெசசரி பார்ட்டின்னு பேரு. அவசியமான ஆளு. நீங்க இல்லாம தீர்ப்பே சொல்லக்கூடாதும்மா."

அவசியமான ஆள் என்ற வார்த்தையைக் கேட்டதும் வெங்கடம்மாவுக்குச் சிரிப்பு வந்தது, நல்ல சிரிப்பு இல்லை. சட்டி கழுவ அவசியம். ஆஸ்பத்திரியில் வரிசையில் நிற்க அவசியம். சம்பங்கி பெண்டாட்டிக்குப் பிரசவம் பார்க்க அவசியம். வீட்டைப் பங்கு போடும்போது மட்டும் அவசியம் இல்லாமல் போய்விட்டாளா? பங்கு பெரிதில்லை, பாசம்தான் பெரிது என்று சொல்லிவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொள்கிற ஜாதி இல்லை அவள். "எனக்குப் பங்கு வேணும் மேடம். ஒரு கல்லு கூட கொறையக்கூடாது" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டாள்.

மனுவின் நகல் தம்பிகளுக்குப் போயிற்று. ஒரு மாசம் கழித்து அவர்கள் ஆட்சேபணை வந்தது. மமதா அதைக் கன்னடத்தில் ஒரு முறை தனக்குள் படித்தாள். அப்புறம் தமிழில் சொன்னாள். மனுதாரர் வெங்கடம்மா என்பவர் எங்கள் தந்தை முனிரத்தினத்தின் மகளே அல்ல. அவர் எங்கள் சித்தப்பா காத்தவராயன் என்பவரின் மகள். பள்ளிக்கூடச் சான்றிதழில் அப்படித்தான் இருக்கிறது. இந்தச் சொத்துக்கும் அவருக்கும் சம்பந்தமில்லை. அவர் மூன்றாம் நபர்.

மூணாம் மனுஷி! ஐம்பது வருஷம் அக்கா அக்கா என்று கூப்பிட்ட வாய், அவள் ஊட்டிவிட்ட சோற்றைத் தின்ற வாய், கோர்ட்டில் நாக்கு கூசாமல் இப்படி எழுதிக் கொடுத்திருக்கிறது. வெங்கடம்மா மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். சம்பங்கி எதிரே இருந்திருந்தால் அந்தக் கை சும்மா இருந்திருக்காது.

இதில் வயிற்றெரிச்சல் என்னவென்றால், பொய்க்குள்ளே ஒரு துண்டு நிஜம் இருந்தது. அவளுடைய நைனாவின் பெயர் காத்தவராயன்தான். முனிரத்தினம் என்பது அவருடைய அண்ணன். ஆம்பூர் பக்கத்திலிருந்து வந்து சுரங்கத்தில் சேர்ந்த அண்ணன், சேர்ந்த ஆறே மாசத்தில் ஊருக்குப் போன இடத்தில் காய்ச்சலில் போய்விட்டார். கல்யாணம்கூட ஆகவில்லை. வேலை வீணாகப் போகிறதே என்று வீட்டில் தம்பியை அனுப்பினார்கள். அண்ணனின் வேலை டோக்கனை வாங்கிக்கொண்டு, அண்ணன் பெயரைச் சொல்லிக்கொண்டு, காத்தவராயன் ஷாப்ட் குழியில் இறங்கினார். சுரங்கம் மூடும் வரைக்கும் ஏறவே இல்லை என்று சொல்லலாம். ஆளை உள்ளே இறக்கும் கேஜ் பக்கத்தில் நின்று பேரைக் கூப்பிடும்போது அவர் முனிரத்தினம். லைனுக்குத் திரும்பி வந்து சட்டையைக் கழற்றினால் காத்தவராயன். லைனில் எல்லாருக்கும் தெரியும், ஒருவரும் வாயைத் திறக்க மாட்டார்கள், திறந்தால் வேலை போய்விடும். சுரங்கக் கணக்கை முடித்துக் கொடுத்ததும் அந்தப் பெயரில்தான், வீட்டுப் பத்திரம் பதிந்ததும் அந்தப் பெயரில்தான்.

தம்பிகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது நைனாவே கம்பெனி அட்டையோடு போனார். அதனால் அவர்கள் எம். சம்பங்கி, எம். சிவராஜ். வெங்கடம்மாவைச் சேர்த்த அன்று அவருக்குப் பகல் ஷிப்ட். அம்மா கூட்டிக்கொண்டு போனாள். புருஷன் பெயர் என்னம்மா என்று வாத்தியார் கேட்டார். அம்மா புருஷன் பெயரை எப்படிச் சொல்லுவாள்? தலையைக் குனிந்துகொண்டு மகள் முதுகில் இடித்தாள், நீ சொல்லுடி என்று. ஆறு வயதுப் பெண் லைனில் எல்லாரும் கூப்பிடும் பெயரைக் கணீரென்று சொன்னாள். வாத்தியார் எழுதிக்கொண்டார். அன்றிலிருந்து ஒரே வயிற்றில் பிறந்த மூன்று பேரில் இரண்டு பேருக்கு இனிஷியல் எம், ஒருத்திக்கு மட்டும் கே. இத்தனை வருஷமும் வீட்டில் அதைச் சொல்லிச் சிரித்திருக்கிறார்கள். அதிகமாகச் சிரித்தவன் சம்பங்கிதான்.

கல்யாணத்துக்குப் பிறகு அவளுடைய காகிதங்களில் எல்லாம் புருஷன் பெயர்தான். கம்பெனியின் குடும்ப அட்டையும் அவள் புகுந்த வீட்டுக்குப் போனபின் போட்டது. நைனா பெயரோடு அவளை ஒட்டிவைக்கும் காகிதம் அந்தப் பள்ளிக்கூடச் சான்றிதழ் ஒன்றுதான், அதைக் கையில் வைத்துக்கொண்டுதான் அவளை அறுத்துப் போடுகிறார்கள். லைனில் அத்தனை பேரும் சாட்சி சொல்லுவார்கள் என்று வெங்கடம்மா சொன்னாள். சாட்சியெல்லாம் விசாரணையில்தான் வரும், வழக்குக்குள் கால் வைக்கவே இப்போது எழுத்தில் ஏதாவது வேண்டும், இரண்டு பெயரும் ஒரே ஆள் என்று காட்டும் ஒரு எழுத்து என்றாள் மமதா.

வெங்கடம்மா சிவராஜுக்கு போன் போட்டாள். நீயாவது நிஜத்தைச் சொல்லடா என்று கேட்டாள். அவன், எல்லாம் அண்ணன் பார்த்துக்கொள்கிறார் அக்கா, நான் மீட்டிங்கில் இருக்கிறேன் என்று வைத்துவிட்டான். அதற்கப்புறம் அவன் எடுக்கவே இல்லை.

தை மாசத்தில் நைனாவின் நினைவு நாள் வந்தது. எல்லா வருஷமும் போல ஒரு பிளாஸ்கில் டீ, ஒரு கட்டு பீடி, நாலு மசால் வடை எடுத்துக்கொண்டு இடுகாட்டுக்குப் போனாள். போய்ப் பார்த்தால் சமாதியையே காணோம். அதாவது, அவளுக்குத் தெரிந்த சமாதியைக் காணோம். பழைய கடப்பாக் கல் நின்ற இடத்தில் பளபளவென்று கறுப்பு கிரானைட் நின்றது. அதில் நைனாவின் முகத்தைச் செதுக்கி, கீழே கோட்டு, டை எல்லாம் போட்டுவிட்டிருந்தார்கள். வாழ்நாளில் டை என்ன, தோய்த்த சட்டைக்கு முழுப் பொத்தான் கூடப் போடாத மனுஷன். அமரர் முனிரத்தினம் என்று பெரிதாக ஒரே ஒரு பெயர். இங்ஙனம் மகன்கள் எம். சம்பங்கி, எம். சிவராஜ்.

கொஞ்ச நேரம் ஒன்றும் புரியவில்லை. பிறகுதான் புரிந்தது. பழைய கல்லில் இருந்தது அவளுக்கு மனப்பாடம். அதை வெட்டக் கொடுத்த நாளில் சம்பங்கிதான் சொன்னான், லைன்காரனுக்குக் காத்தவராயன் என்றால்தான் தெரியும், கம்பெனி ஆளுக்கு முனிரத்தினம் என்றால்தான் தெரியும், இரண்டையும் போடு என்று. கீழே மூன்று பிள்ளைகள் பெயரும் இருந்தது. அதை யோசித்துத்தான் எடுத்திருக்கிறான் பாவி. செத்த அப்பனின் பேரையே புதைத்துவிட்டான்.

இடுகாட்டைப் பார்த்துக்கொள்ளும் ராஜப்பாவைத் தேடிப் போனாள். அவர் தன் கொட்டகை வாசலில் உட்கார்ந்திருந்தார்.

"ராஜப்பாண்ணா, நைனா கல்லு எங்க?"

அவர் அந்தக் குரலைக் கேட்டதும் எழுந்து நின்றுவிட்டார். பெரிய தம்பிதான் போன மாசம் ஆள் வைத்துப் பிடுங்கினார், உடைத்துப் போடச் சொன்னார், நல்ல கல்லாச்சே என்று என் வீட்டுக்காரிக்குத் துணி தோய்க்க எடுத்துவைத்தேன், கோவிச்சுக்காதே என்றார். குழாயடியில் கிடந்தது கல், குப்புற. பின்பக்கமெல்லாம் சோப்பு நுரை. வெங்கடம்மா புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு குனிந்தாள். இரண்டு பேருமாகப் புரட்டினார்கள். எழுத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. வெள்ளை பெயின்ட்கூடக் கொஞ்சம்தான் போயிருந்தது.

காத்தவராயன் (எ) முனிரத்தினம். சுரங்கத் தொழிலாளி. இங்ஙனம் மகள் வெங்கடம்மா, மகன்கள் சம்பங்கி, சிவராஜ்.

அங்கேயே சேற்றில் உட்கார்ந்து பிளாஸ்கைத் திறந்து, கல் மேல் கொஞ்சம் டீயை ஊற்றினாள். பீடிக் கட்டை ராஜப்பாவிடம் கொடுத்தாள். பிறகு மமதாவுக்கு போன் செய்தாள்.

போட்டோ எடுத்தால் போதும் என்றுதான் மமதா சொன்னாள். போட்டோவும் எடுத்தார்கள், ராஜப்பாவிடம் எழுதியும் வாங்கினார்கள். ஆனால் வெங்கடம்மாவுக்கு மனசு ஆறவில்லை. போட்டோவை எவனாவது கம்ப்யூட்டரில் செய்தது என்று சொல்லிவிட்டால்? டை இல்லாதவருக்கு டை போடுகிறவர்கள்தானே அவர்கள். மனு வாதத்துக்கு வந்த தேதியன்று கல்லை ஒரு கூட்ஸ் ஆட்டோவில் ஏற்றி, பழைய பெட்ஷீட்டைப் போர்த்தி, தானும் பக்கத்தில் உட்கார்ந்து, கோர்ட் வாசலுக்கே கொண்டுவந்து நிறுத்திவிட்டாள். கேட்டில் நின்ற போலீஸ்காரர் பெட்ஷீட்டை விலக்கிப் பார்த்துவிட்டு உள்ளே விடமாட்டேன் என்றார். விட வேண்டாம் சார், இங்கேயே இருக்கட்டும், யாரும் எடுத்துக்கொண்டு போகாமல் மட்டும் பாருங்கள் என்றாள்.

வராந்தாவில் சம்பங்கி எதிரே வந்தான். வெளுத்த சட்டை, நெற்றியில் விபூதி. ஆட்டோவைப் பார்த்திருக்கிறான், முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

"இன்னாக்கா இது, நைனா கல்லப் போய் கோர்ட்டுக்கு இஸ்துக்கினு வந்துக்கீறியே. நாலு பேரு பாக்கிறாங்க, அசிங்கமா இல்ல?"

"நீ நைனாவையே இஸ்துக்கினு வந்தடா. நான் கல்லத்தான் இஸ்துக்கினு வந்தேன்."

அதற்கு மேல் அவன் நிற்கவில்லை.

உள்ளே எல்லாம் கன்னடத்தில் நடந்தது. தம்பிகளின் வக்கீல், ஊரில் ஆயிரம் வெங்கடம்மா இருக்கிறார்கள், சொத்துக்கு ஆசைப்பட்டு யார் வேண்டுமானாலும் மகள் என்று வந்து நிற்கலாம் என்றார். மமதா போட்டோக்களைக் கொடுத்தாள். நீதிபதிக்குத் தமிழ் எழுத்து தெரியாது. முன்னால் உட்கார்ந்திருந்த குமாஸ்தாவிடம் நீட்டினார். அவர் இந்த ஊர்க்காரர், கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு படித்தார். நடுவில் அடைப்புக்குள் என்ன ஒற்றை எழுத்து என்று நீதிபதி கேட்டார். 'எ' சார், என்கிற என்று அர்த்தம், நாம் கன்னடத்தில் உருஃப் என்று எழுதுவோமே அதுதான் என்றார் குமாஸ்தா.

இந்தக் கல் இப்போது எங்கே என்று நீதிபதி கேட்டார். கேட் வாசலில் கூட்ஸ் ஆட்டோவில் இருக்கிறது என்று மமதா சொன்னாள். யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. ராஜப்பா எழுதிக் கொடுத்ததைப் பார்த்தார், கல்லை எடுத்த மாசத்தைப் பார்த்தார், ஆட்சேபணை போட்ட தேதியைப் பார்த்தார். பிறகு கண்ணாடி வழியாகச் சம்பங்கியைப் பார்த்தார். அவன் வக்கீலின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அன்றைக்கே உத்தரவு வந்துவிட்டது. இவர் யார் மகள் என்பது விசாரணையில் முடிவாகட்டும், ஆனால் இந்தப் பெண்மணியை வெளியே நிறுத்திவிட்டு இந்த வழக்கை நடத்த முடியாது, இவர் அவசியமான பார்ட்டி, இரண்டாம் பிரதிவாதியாகச் சேர்க்கவும். ராஜி மனு நிறுத்திவைக்கப்படுகிறது. வாதி தன் வழக்கு மனுவைத் திருத்திக் கொடுக்க வேண்டும். பெயரை உத்தரவில் உள்ளபடியே எழுத வேண்டும்.

இந்தக் கடைசி இரண்டு வரியை மமதா இரண்டு தரம் சொல்லி விளக்கினாள். வாதி என்றால் சம்பங்கி. அவன் போட்ட வழக்கில், அவன் விட்ட பெயரை அவனேதான் சேர்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். அதை நான் பார்க்கலாமா என்று கேட்டாள் வெங்கடம்மா. தாராளமாக, நீங்கள் இப்போது பார்ட்டிதானே என்றாள் மமதா.

அடுத்த வாரம் கோர்ட் ஆபீஸ் அறையில் சம்பங்கி வக்கீலின் குமாஸ்தா மனுவை மேஜை மேல் விரித்து, பேனாவை எடுத்து, முதல் பக்கத்தில் இடைவெளி பார்த்துக் கன்னடத்தில் எழுதினார். வம்சவிருட்சத்திலும் மூன்றாவது கோடு இழுத்தார். வெங்கடம்மா மேஜைக்குப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். பெங்களூர் பஸ் போர்டுகளைப் பார்த்துப் பார்த்து அவள் கன்னட எழுத்தைத் தானே கற்றுக்கொண்டவள். ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டிப் படித்தாள். முனிரத்தினம் மகள் வெங்கடம்மா என்றுதான் இருந்தது.

"நடுவுல வுட்டுட்டீங்க" என்றாள். "உருஃப் எங்க?"

ரெண்டும் ஒன்றுதானேம்மா என்றார் குமாஸ்தா. இல்லை, உத்தரவை எடுத்துப் பாருங்கள் என்றாள். அவர் எடுத்துப் பார்த்தார், அலுத்துக்கொண்டு மேலே ஒரு குறி போட்டுச் சேர்த்தார். காத்தவராயன் உருஃப் முனிரத்தினம் மகள் வெங்கடம்மா. பேனாவைச் சம்பங்கியிடம் நீட்டினார். சம்பங்கி குனிந்து ஓரத்தில் கையெழுத்துப் போட்டான். எம். சம்பங்கி.

"உன் இனிஷியலு எம்மு. என் இனிஷியலு கே" என்றாள் வெங்கடம்மா. அறையில் இருந்தவர்கள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்க வேண்டியிருந்தது. "ரெண்டும் ஒரே அப்பன்தான்னு உன் கையாலயே எழுதிட்ட. இத முன்னாடியே செஞ்சிருந்தா நைனா இன்னிக்கு துணி தோய்க்கிற கல்லா கெடந்திருக்க மாட்டாரு."

சம்பங்கி பேனாவை மூடினான், திறந்தான், மறுபடியும் மூடினான்.

"அக்கா..." என்றான்.

"அக்கா இல்ல. ரெண்டாம் பிரதிவாதி" என்று சொல்லிவிட்டு, கல்லைத் திருப்பி இடுகாட்டுக்கு ஏற்றிக்கொண்டு போக வண்டி பேசுவதற்கு வெளியே போனாள்.